மேஸ்திரி போட்ட கீரைப் பாத்தி

பூச்சு வேலை என்றால் அந்தத் தெருவில் ஒரே ஒரு மேஸ்திரிதான். மற்றவர்களும் பூசுவார்கள், இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் இவர் பூசின சுவரில் ஈ உட்கார்ந்தால் வழுக்கி விழும் என்று ஜனங்கள் சொல்லிக்கொள்வார்கள். மனுஷனுக்கு அதில் கர்வம் கொஞ்சநஞ்சமல்ல. யார் வீட்டுக்குப் போனாலும் வீட்டுக்காரர்களை நலம் விசாரிக்கும் முன்னால் உள்ளங்கையால் அவர்கள் சுவரைத் தடவிப் பார்ப்பார். பார்த்துவிட்டு ஒன்றும் சொல்ல மாட்டார், உதட்டை மட்டும் பிதுக்குவார். அந்த வீட்டில் அன்றைக்குக் காபியில் சர்க்கரை குறைந்தால் அதற்கு யார் பொறுப்பு?

மேடுபள்ளம் அவருக்கு ஆகாது. தட்டில் போட்ட சோற்றைக்கூட முதலில் கையால் தட்டி மட்டமாக்கிவிட்டுத்தான் குழம்பு ஊற்றச் சொல்வார். மனைவி பார்த்துப் பார்த்துச் சலித்துப்போய், "சோத்துக்கும் பூச்சு வேலையா? இன்னும் சுண்ணாம்புதான் பாக்கி" என்பாள். அவர் "ம்" என்பார். அவளுக்கு அவர் சொல்லும் பதில் பெரும்பாலும் அந்த ஒரு எழுத்துதான்.

அவளும் வேலைக்காரிதான். சித்தாளாக அவர் சாரத்தின் கீழே கலவைச் சட்டி சுமந்து வந்தவள். பார்த்தார், பிடித்தது, கட்டிக்கொண்டார். கல்யாணத்துக்குப் பிறகும் சுமந்தாள். அவர் மேலேயிருந்து "கலவை!" என்று ஒரு குரல் விட்டால் போதும், சட்டி தலையிலேறிவிடும். மகள் படித்து, கல்யாணமாகி, பக்கத்து ஊரில் குடியேறிய பிறகு இவளுக்கு முழங்கால் மக்கர் பண்ண ஆரம்பித்தது. இனி சாரம் ஏற வேண்டாம் என்று வீட்டோடு இருந்துவிட்டாள்.

வீட்டோடு இருப்பவள் சும்மா இருப்பாளா? கொல்லைப்புறத்தை ஒருநாள் நிதானமாகப் பார்த்தாள். பார்க்கச் சகிக்கவில்லை. ஊரான் சுவரெல்லாம் கண்ணாடி, சொந்தக் கொல்லை மட்டும் உடைந்த செங்கல், கட்டிதட்டிப்போன சிமெண்டு மூட்டை, ஓட்டுச் சில்லு. வேலை முடிந்து மிஞ்சியதையெல்லாம் மேஸ்திரி அங்கேதான் கொண்டுவந்து தட்டுவார். அவள் மதில் ஓரத்தில் ஒரு மூலையை மட்டும் கையால் பொறுக்கிச் சுத்தம் பண்ணினாள். அங்கே காய்ந்த இலைதழை, காய்கறித் தோல், டீக்கடையில் கேட்டு வாங்கிய டீத்தூள் சக்கை, ஆட்டுப் புழுக்கை எல்லாவற்றையும் ஒன்றின்மேல் ஒன்றாகப் போட்டு, தண்ணீர் தெளித்து, சாக்கால் மூடி வைத்தாள். வாரம் ஒருமுறை குச்சியால் கிளறிவிடுவாள். கிளறும்போது உள்ளேயிருந்து சூடு வரும். மேஸ்திரி மூக்கைப் பொத்திக்கொண்டு அந்தப் பக்கம் போவார்.

மழைக்காலம் போய், பனி போய், அந்தக் குவியல் பாதியாக அமுங்கியது. சூடும் போச்சு, நாற்றமும் போச்சு. கையில் எடுத்தால் கறுப்பாக, உதிரியாக, ஈரமாக இருக்கும். முகர்ந்தால் முதல் மழை விழுந்த தரை மாதிரி வாசம். அவள் ஒருநாள் அதில் ஒரு பிடி அள்ளிக்கொண்டுவந்து அவர் மூக்குக்கு நேரே நீட்டினாள்.

"பாருங்க, எப்படிப் பொலபொலன்னு ஆயிருக்கு. இதுல கீரை போடப் போறேன். சிறுகீரை."

"ம்" என்றார் மேஸ்திரி. அவர் கண் அப்போது சுவரில் இருந்த ஒரு விரிசலில் இருந்தது.

இந்த இடத்தில்தான் வந்தது வினை. மகள் வீடு மாறுகிறாள், ஒத்தாசைக்கு வா என்று கூப்பிட்டாள். அம்மா கிளம்பிப் போனாள். மேஸ்திரிக்கு அந்த நேரம் பார்த்துக் கைவேலை ஏதும் இல்லை. சும்மா கிடந்த சங்கை ஊதிக் கெடுத்தானாம் என்பார்களே, அந்தக் கதைதான். முழங்கால் வலிக்காரி மேடுபள்ளத்தில் நடக்கிறாளே, வழுக்கி விழுந்து வைத்தால் என்ன ஆகும் என்று அவருக்குத் தோன்றியது. நல்ல எண்ணம்தான், அதில் குறை சொல்ல முடியாது. அவள் திரும்பி வந்து பார்த்து அசந்துபோக வேண்டும் என்று மூச்சுவிடாமல் வேலையைத் தொடங்கினார். கொல்லை முழுக்கச் சமன்செய்தார். மூலையில் இருந்த 'குப்பை'யைக் கூட்டி வண்டியில் ஏற்றி அனுப்பினார். கல் பரப்பி, கலவை கொட்டி, மட்டப்பலகை இழுத்து, சிமெண்டுப் பால் தேய்த்துத் தளம் போட்டார். தண்ணீர் ஒரு சொட்டு விழுந்தாலும் ஓடிப்போய் மூலைச் சாக்கடையில் இறங்கும்படி வாட்டம் வேறு. அவர் ஆயுசில் போட்ட தளங்களிலேயே அதுதான் உசத்தி.

பக்கத்து வீட்டு டெய்லர் மதில்மேல் தலையை நீட்டினார். வாயில் நூல், கழுத்தில் டேப்.

"மேஸ்திரி, இலை எதுக்கு? தரையிலயே சோறு போட்டுச் சாப்பிடலாம் போலிருக்கே!"

"எல்லாம் அவளுக்காகத்தான்" என்றார் மேஸ்திரி. நெஞ்சு நிறைந்து சொன்னார்.

அவள் வந்தாள். கையில் துணிப்பை, இன்னொரு கையில் ஒரு விதைப் பொட்டலம். வாசலில் செருப்பைக் கழற்றியதும் நேராகக் கொல்லைக் கதவைத் திறந்தாள். மேஸ்திரி பின்னாலேயே போய் நின்றுகொண்டார், அவள் முகம் மலர்வதைப் பார்க்க.

"அது எங்க?" என்றாள்.

"எது?"

"மண்ணு. மூலையில இருந்த மண்ணு."

"அந்தக் குப்பையா? வண்டியில ஏத்தி அனுப்பிட்டேன். பாரேன், வாட்டம் எப்படி இருக்குன்னு. ஒரு வாளித் தண்ணி ஊத்திப் பாரு."

அவள் கத்துவாள் என்று நினைத்தால் அதுதான் இல்லை. படியில் உட்கார்ந்தாள். அந்த மூலையைப் பார்த்துக்கொண்டே பேசினாள், குரல் உயராமல்.

"இத்தனை வருஷம் தலையில சுமந்ததெல்லாம் உங்க கலவை. யார் யார் வீட்டுச் சுவருக்கோ. முதல் தடவையா எனக்குன்னு ஒண்ணு கலந்து வெச்சிருந்தேன். அதையும் தூக்கிக் கொட்டிட்டீங்க."

"நீ ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே."

"சொன்னேன்."

மேஸ்திரி யோசித்துப் பார்த்தார். ஒன்றும் ஞாபகத்துக்கு வரவில்லை. அவள் விதைப் பொட்டலத்தை அடுப்பங்கரை அலமாரியில் வைத்தாள். பிரிக்காத துணிப்பையை மறுபடி எடுத்தாள். வந்த பஸ்ஸிலேயே திரும்பிப் போனாள் என்றுதான் சொல்ல வேண்டும்.

நாலு நாளில் வந்துவிடுவாள் என்று முதலில் தெம்பாகத்தான் இருந்தார். வரவில்லை. போன் போட்டார். மகள் எடுத்தாள்.

"அம்மாகிட்ட குடும்மா. எப்ப வர்றான்னு கேக்கணும்."

"வரலையாம்பா."

"இன்னைக்கா?"

"எப்பவுமேதாம்ப்பா. இங்கேயே இருந்துடறேன்னு சொல்றாங்க. என்னப்பா பண்ணீங்க?"

என்ன பண்ணினார்? தளம் போட்டார். அதை எப்படி ஒரு குற்றமாகச் சொல்வது என்றுகூட அவருக்குத் தெரியவில்லை. அன்றைக்குச் சாப்பிட உட்கார்ந்து சோற்றைத் தட்டப் போனவர், கை அப்படியே நின்றுபோய், பாதியில் எழுந்துவிட்டார். வீட்டில் அவள் இல்லாதது காதுக்குத்தான் முதலில் தெரிந்தது. ஒரு பேச்சு, ஒரு கேலி, ஒரு முணுமுணுப்பு இல்லை. 'ம்' சொல்லக்கூட ஆள் இல்லை. அவள் இல்லாமல் தன்னால் இருக்க முடியாது என்று அந்த வயதில் அவருக்குப் புரிந்தது. பயந்துபோனார்.

மறுநாள் காலையில் சம்மட்டியும் உளியும் எடுத்துக்கொண்டு கொல்லைக்குப் போனார்.

தன் வேலையைத் தானே உடைப்பது என்றால் என்னவென்று வேலைக்காரனைக் கேட்டால்தான் தெரியும். அதிலும் நல்ல வேலை. முதல் அடியில் சம்மட்டி துள்ளியது, தளம் அசையவில்லை. மேஸ்திரிக்கு ஒரு பக்கம் பெருமை, ஒரு பக்கம் எரிச்சல். "அடப்பாவி, இவ்வளவு கெட்டியாவா போட்டே!" என்று தன்னையே திட்டிக்கொண்டு அடித்தார். சத்தம் கேட்டு டெய்லர் எட்டிப்பார்த்தார்.

"என்ன மேஸ்திரி, போன வாரம் போட்டீங்க, இந்த வாரம் உடைக்கறீங்க! பொழுது போகலன்னா என் கடைக்கு வாங்க, காஜா எடுக்கக் கத்துத் தரேன்."

"வாயை மூடிட்டுப் போங்க."

"வீட்டம்மா இன்னும் வரலையா?" என்றார் டெய்லர், கேலி போய்விட்ட குரலில். மேஸ்திரி உளியை நகர்த்தி வைத்து அடித்தார்.

அடுப்பங்கரைச் சுவர் ஓரமாக ஒரு கட்டில் அகலத்துக்கு உடைத்து அள்ளினார். அடியில் என்ன இருந்தது? அவர் கொட்டியதுதான் இருந்தது. செங்கல் தூள், மணல், இறுகின சிமெண்டு. கைக்கு அகப்பட்டதை மட்டும் வாரி வெளியே போட்டுவிட்டு, வண்டியில் செம்மண் வாங்கிக் கொட்டினார். எல்லாம் முடித்து, பாத்தி நிறையக் கீரை நின்ற பிறகு அவளைக் கூப்பிட வேண்டும், வந்து பார்த்து அவள் அசந்துபோக வேண்டும் என்பது அவர் திட்டம். பட்டும் புத்தி வரவில்லை பாருங்கள்!

செம்மண்ணை அவர் என்ன செய்தார் தெரியுமா? சலித்தார். சும்மா சலிப்பு இல்லை, கடைசிப் பூச்சுக்கு மணல் சலிக்கும் நைஸ் சல்லடையில் சலித்தார். ஒரு கல், ஒரு கட்டி, ஒரு வேர்த்துண்டு கிடையாது, முகத்துக்குப் பூசிக்கொள்ளலாம் போல மாவு. அதைப் பரப்பி, மட்டப்பலகை இழுத்து, ரசமட்டம் வைத்துப் பார்த்தார். குமிழி நட்டநடுவில் நின்றது. விதையைத் தூவினார். பொட்டலத்தில் பாதியை மட்டும் தூவினார், அவளுடையது அல்லவா என்று கை கூசியது. மேலே ஒரு மெல்லிய படலம் மண் போட்டு, கரணையால் தேய்த்து, ஒரு கோடு தெரியாமல் மெழுகிவிட்டார். தண்ணீர் தெளித்தார். பார்க்க அழகாகத்தான் இருந்தது.

வெயில் ஏறியது. பாத்தி காய்ந்தது. காய்ந்து, அப்பளம் போல மேலே ஓடு கட்டியது. தட்டினால் சத்தம் வந்தது. அதைப் பார்த்து மேஸ்திரிக்கு முதலில் சந்தோஷம், "இறுகிடுச்சு" என்று. பிறகுதான் உறைத்தது, இது சுவரில்லையே என்று. கடுகைவிடச் சின்ன விதை, அந்தக் கெட்டி மண்ணை எப்படி முட்டிக்கொண்டு வெளியே வரும்? வரவில்லை. தினமும் காலையில் குனிந்து பார்ப்பார். வழவழவென்று இருக்கும்.

டெய்லர் வீட்டுப் பூனை ஒன்று உண்டு. பெரிய தடிப்பயல். ஒருநாள் அது மதிலேறிக் குதித்து, பாத்தியின் ஒரு மூலையைக் கால்களால் பிறாண்டி, பூனைகள் மண்ணில் செய்கிற வேலையைச் செய்து, மூடிவிட்டுப் போனது. மேஸ்திரி செருப்பைத் தூக்கி எறிந்தார், டெய்லரைத் திட்டினார், டெய்லரின் தையல் மிஷினையும் சேர்த்துத் திட்டினார். மட்டப்பலகையோடு வந்தவர், அன்றைக்கு என்னவோ அலுப்பில் அப்படியே விட்டுவிட்டார்.

சொன்னால் நம்ப மாட்டீர்கள், அந்த மூலையில்தான் கீரை முளைத்தது. பூனை கிளறிய இடத்தில் மட்டும், கொத்தாக, குண்டூசித் தலை அளவுக்குப் பச்சை. ஒரு முழ நீளம் தள்ளி அவருடைய வழவழப்பில் ஒன்றுகூட இல்லை. மேஸ்திரி குத்துக்காலிட்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். இத்தனை வருஷ அனுபவசாலி தோற்றார், பூனை ஜெயித்தது. சிரிப்பு வர வேண்டிய இடம்தான், ஆனால் அவருக்குச் சிரிப்பு வரவில்லை.

அந்தக் கொத்தும் நிலைக்கவில்லை. நாலு இலை விட்டதும் மஞ்சள் பாரித்து, சோகை பிடித்தது போல நின்றுவிட்டது. தண்ணீரை அதிகமாக ஊற்றிப் பார்த்தார், குறைத்துப் பார்த்தார். எதிலும் பிடிகொடுக்கவில்லை. செடி வாடினதைவிட, இதைக் காட்டி அவளைக் கூப்பிட முடியாதே என்பதுதான் அவருக்கு ஆற்றாமையாக இருந்தது. இனி காட்டுவதற்கு எதுவும் கையில் இல்லை. அலமாரியில் மிச்சப் பொட்டலம் கிடந்தது. அதை எடுக்கப் போய், எடுக்காமல், போனை எடுத்தார்.

"அம்மாகிட்ட குடு. வரச்சொல்லிக் கேக்க மாட்டேன். வேற ஒண்ணு கேக்கணும்னு சொல்லு."

ரொம்ப நேரம் கழித்து அவள் குரல் வந்தது. "சொல்லுங்க."

"நீ அந்த மண்ணை எப்படிப் பண்ணின?"

"ஏன், மறுபடி அள்ளிக் கொட்டவா?"

"இல்ல. தளத்தை உடைச்சேன். நானே பாத்தி போட்டேன். வரல. எனக்குத் தெரியல."

எனக்குத் தெரியல என்று அவர் சொல்லி அவள் கேட்டதே கிடையாது. தெரியாத வேலைக்கும், "பாத்துக்கலாம்" என்று சொல்கிற ஆள். அவள் சொல்ல ஆரம்பித்தாள். காய்ந்த சருகு எவ்வளவு, பச்சைத் தழை எவ்வளவு, எதன்மேல் எது, சாக்கு எதற்கு, சூடு தணியாத எருவில் விதை போட்டால் வேர் எப்படி வெந்துபோகும், மக்கின எருவை மண்ணோடு கொத்திக் கலந்து, மேலே ஏன் அழுத்தக்கூடாது... நிறுத்தாமல் சொன்னாள். எத்தனை மாசம் மனசுக்குள் வைத்திருந்தாளோ.

"ம்" என்றார் மேஸ்திரி.

"ம் போடாதீங்க! நான் என்ன சொன்னேன்? திருப்பிச் சொல்லுங்க."

மேஸ்திரி திருப்பிச் சொன்னார். பள்ளிக்கூடத்துப் பிள்ளை ஒப்பிக்கிற மாதிரி திக்கித் திக்கிச் சொன்னார். ஒரு இடத்தில் சருகையும் தழையையும் மாற்றிச் சொல்லி வசவு வாங்கினார். வசவு வாங்கியதும் அவருக்குக் கண் கலங்கிவிட்டது. எவ்வளவு நாளாச்சு!

"உங்களுக்குப் போன்ல சொன்னா ஏறாது" என்றாள் அவள் கடைசியில். "நாளைக்கு வந்து ஒரு எட்டு பாத்துட்டு சாயங்கால பஸ்ஸுக்குத் திரும்பிடுவேன். வந்துட்டேன்னு நினைச்சுக்காதீங்க."

வெறுங்கையோடு வந்தாள். மாற்றுப்புடவைகூட இல்லை. மேஸ்திரி அதைக் கவனித்தார். கொல்லைக்குப் போய் அவள் பாத்தியைப் பார்த்தாள். கால் விரலால் காய்ந்த மேல்மண்ணை நெம்பினாள், பணியாரம் போலப் பெயர்ந்து வந்தது.

"ரசமட்டம் வெச்சுப் பாத்தீங்களா?"

அவர் தலையைக் குனிந்துகொண்டார். அவள் வாயைப் புடவைத் தலைப்பால் மூடிக்கொண்டாள். தோள் குலுங்கியது. அழுகிறாளோ என்று பதறிக் கிட்டே போனால், சிரிக்கிறாள்! சிரித்து முடித்ததும் குனிந்து அந்த மஞ்சள் செடியைப் பிடுங்கினாள்.

"அடியெல்லாம் உங்க சிமெண்டுதான். சிமெண்டைத் தின்னுட்டு எந்தச் செடி பச்சையா இருக்கும்? வெயிலும் இங்க உச்சிக்கு அப்புறம்தான் வருது. இது ஆகாது."

"சரி. எங்கன்னு நீ சொல்லு" என்றார் மேஸ்திரி.

அவள் படியில் உட்கார்ந்துகொண்டாள். நிழல் எங்கே விழுகிறது, எங்கே விலகுகிறது என்று முற்பகல் முழுக்கப் பார்த்தாள். அவரும் பக்கத்தில் உட்கார்ந்து அவள் பார்த்த திசையில் பார்த்தார். பிறகு அவள் எழுந்து, ஒரு செங்கல் துண்டால் தளத்தில் கோடு இழுத்தாள். நட்டநடு. வாட்டம் ஒன்றுகூடி மூலைச் சாக்கடைக்குத் திரும்புகிற இடம். அந்த இடத்துக்காகத்தான் அவர் முழங்கால் தேய உட்கார்ந்து தேய்த்திருந்தார்.

"இதுவா?" என்றார், குரல் இறங்கி.

"இதுதான். முடியலன்னா சொல்லுங்க, நான் போறேன்."

சம்மட்டியை எடுத்தார். அன்றைக்கு அவர் கை தயங்கவில்லை. அவள் ஆழம் போதாது என்றாள், இன்னும் தோண்டினார். செங்கல் தூள் தெரிகிறது என்றாள், அதையும் அள்ளினார். நல்ல மண் கண்ணில் படுகிற மட்டும் அள்ளினார். டெய்லர் இரண்டு மூட்டை காய்ந்த சருகை மதில்மேல் வைத்துவிட்டு, வாயைத் திறக்காமல் போனார், அதுவும் ஒரு அதிசயம். அவள் குழியோரம் கால் நீட்டி உட்கார்ந்து ஒவ்வொரு அடுக்காகப் போட்டாள். சருகு, தழை, எரு, மண். இவர் கொண்டுவந்து கொண்டுவந்து கொடுத்தார். மேலே மேடாக, கோணலாக, கண்டபடி நின்றது. மேஸ்திரியின் கை ஒருமுறை தானாகவே அதைத் தட்டி மட்டமாக்கப் போயிற்று. அவள் பார்த்த பார்வையில் திரும்பி வந்தது.

வெயில் தாழ்ந்தது. பஸ் நேரம் வந்தது. நினைவூட்டினால் போய்விடுவாள், நினைவூட்டாமல் விட்டால் அவளைக் கேட்காமல் செய்ததாகிவிடும். அப்படிச் செய்துதானே இந்தக் கதி? மனசைக் கல்லாக்கிக்கொண்டு சொன்னார்.

"பஸ்ஸுக்கு நேரமாச்சு. போறதுன்னா கொண்டுபோய் விடறேன். நீ இருந்தா எனக்கு நல்லாயிருக்கும். ஆனா நீ சொல்றதுதான்."

அவள் மண் கையோடு அவரை நிமிர்ந்து பார்த்தாள். இத்தனை வருஷத்தில் அவர் சேர்ந்தாற்போல் இவ்வளவு வார்த்தை அவளிடம் பேசியதில்லை. எழுந்து கையைக் கழுவினாள், புடவையை உதறினாள். மேஸ்திரி செருப்பை மாட்டிக்கொண்டு வாசலில் போய் நின்றார். உள்ளேயிருந்து அவள் போனில் பேசும் குரல் கேட்டது.

"ஆமாண்டி, அம்மாதான். என் துணிமணியெல்லாம் எடுத்துட்டு வந்து குடுத்துடு. எல்லாத்தையும்தான். உங்கப்பா இப்பத்தான் காது குடுத்துக் கேக்கவே ஆரம்பிச்சிருக்கார், இன்னும் நிறைய சொல்ல வேண்டியிருக்கு."